லிங்கனின் வக்கீல் வாழ்க்கையைப் பழைய கட்டுகளிலிருந்து எழுதுவது எப்படி

தமிழில் லிங்கனைப் பற்றி எழுத உட்காருபவர் கையில் பெரும்பாலும் இரண்டு சரக்கு தயாராக இருக்கும். ஒன்று, மகனின் ஆசிரியருக்கு அவர் எழுதியதாகச் சுற்றிவரும் கடிதம். இன்னொன்று, 1831-ல் வியாபாரத்தில் தோல்வி என்று ஆரம்பித்து 1860-ல் ஜனாதிபதி என்று முடியும் தோல்விப் பட்டியல். கடிதத்துக்கு மூலமே கிடையாது. தொகுக்கப்பட்ட அவருடைய எழுத்துகளில் அது இல்லை. பட்டியல் அதைவிடக் கெட்டிக்காரத்தனமானது. அதில் பல வரிகள் உண்மை, ஆனால் ஜெயித்த ஆண்டுகள் காணாமல் போயிருக்கும். 1834, 1836, 1838, 1840 என்று வரிசையாக நான்கு தேர்தலில் இல்லினாய் சட்டமன்றத்துக்குப் போனவர் அவர். பட்டியல் 'நரம்புத் தளர்ச்சி' என்று ஒரே சொல்லில் தாண்டிப்போகும் 1836-ல்தான் சாங்கமோன் கவுன்டியில் (கவுன்டி என்பது நம் மாவட்டம் போன்ற பிரிவு) 17 வேட்பாளர்களில் முதலிடம் பிடித்தார். அடுத்த மாதமே வக்கீல் லைசென்ஸும் கைக்கு வந்தது.

இரண்டையும் ஓரம் கட்டிவிட்டால் எங்கிருந்து எழுதுவது? கோர்ட் கட்டுகள், சபையின் நடவடிக்கைக் குறிப்பேடு, வாக்குப் பதிவேடு, ஃபீஸ் கணக்கு, சென்சஸ் தாள் ஆகியவற்றிலிருந்து. வீட்டில் உட்கார்ந்தே செய்யலாம். லிங்கன் கை வைத்த 5,000-க்கும் மேற்பட்ட வழக்குகளின் ஆவணங்கள் 'தி லா பிராக்டிஸ் ஆஃப் ஆபிரகாம் லிங்கன்' என்ற இணையத் தொகுப்பில் படங்களாகவே கிடைக்கின்றன. எந்த நாளில் எந்த ஊரில் இருந்தார் என்பதற்கு 'லிங்கன் லாக்' என்ற நாள்வாரிக் குறிப்பு உண்டு. ஆவணம் கிடைப்பது இப்போது சுலபம். அதை எப்படி வாசிப்பது என்பதில்தான் பலரும் வழுக்குகிறார்கள்.

முதல் நாள் வேலை: தேதியும் எல்லையும்

ஒரு தாளை எடுத்து இடப்பக்கம் ஆண்டு, நடுவில் ஊர், வலப்பக்கம் பதவி அல்லது கூட்டாளி என்று மூன்று பத்தியாகப் பிரித்துக்கொள்ளுங்கள். இல்லினாயின் நியூ சேலம் என்ற சிற்றூருக்கு வந்தது 1831. அங்கே தபால் அதிகாரியானது 1833 மே. அதே ஆண்டில் துணை நில அளவையாளர். ஸ்பிரிங்ஃபீல்டுக்குக் குடிபோனது 1837 ஏப்ரல். கூட்டாளிகள் மூவர்: 1837 முதல் 1841 வரை ஜான் டாட் ஸ்டூவர்ட், 1844 வரை ஸ்டீபன் லோகன், அதன்பின் வில்லியம் ஹெர்ண்டன். 1847 டிசம்பர் முதல் 1849 மார்ச் வரையிலான கட்டத்தைச் சிவப்பு மையில் அடையாளமிடுங்கள். அப்போது அவர் காங்கிரஸ் உறுப்பினராக வாஷிங்டனில் இருந்தார். ஆனாலும் ஸ்பிரிங்ஃபீல்டில் 'லிங்கன் அண்ட் ஹெர்ண்டன்' என்ற பெயரில் காகிதங்கள் தாக்கலாகிக்கொண்டுதான் இருந்தன.

"எப்போது வக்கீல் ஆனார்?" என்ற கேள்விக்கு மூன்று தேதி கிடைக்கும், மூன்றும் சரி. 1836 மார்ச் 24 அன்று சாங்கமோன் சர்க்யூட் கோர்ட் அவருக்கு நன்னடத்தைச் சான்றைப் பதிவு செய்தது. செப்டம்பர் 9 அன்று மாநில உச்ச நீதிமன்ற நீதிபதிகள் இருவர் லைசென்ஸில் கையெழுத்திட்டார்கள். 1837 மார்ச் 1 அன்று உச்ச நீதிமன்ற வக்கீல் பட்டியலில் பெயர் ஏறியது. ஒன்றை மட்டும் எழுதினால் அது எந்தப் படி என்றும் எழுதுங்கள். சட்டக் கல்லூரி என்ற பேச்சே இதில் இல்லை. ஸ்டூவர்ட்டிடம் இரவல் வாங்கிய புத்தகங்களே பாடம்.

எல்லை விஷயம் இன்னும் சிக்கல். நியூ சேலம் இருந்த இடம் இன்று மெனார்டு கவுன்டியில் இருக்கிறது. அந்தக் கவுன்டியோ 1839-ல்தான் சாங்கமோனிலிருந்து பிரிக்கப்பட்டது. ஆகவே 1830-களின் நியூ சேலம் வாக்குப் பதிவு, வழக்கு, பத்திரம் எல்லாவற்றையும் சாங்கமோனில் தேட வேண்டும். இன்றைய வரைபடத்தை வைத்து மெனார்டில் தேடுபவர் வெறுங்கையோடு திரும்புவார்.

சபைக் குறிப்பேடு எதைச் சொல்லும், எதைச் சொல்லாது

1848-க்கு முன் இல்லினாயில் வாக்குச்சீட்டு இல்லை. ஆகஸ்ட் மாதம் முதல் திங்கட்கிழமை, வாக்காளர் எழுத்தர் முன் வந்து வேட்பாளர் பெயரை வாய்விட்டுச் சொல்ல வேண்டும், எழுத்தர் குறித்துக்கொள்வார். அதனால் பிழைத்திருக்கும் வாக்குப் பதிவேடுகளில் யார் யாருக்கு ஓட்டுப் போட்டார்கள் என்பது பெயரோடு இருக்கிறது. இப்படி ஒரு புதையல் பிற்காலத் தேர்தல்களுக்குக் கிடையாது. 1832-ல் லிங்கன் தோற்றார் என்று எல்லாரும் எழுதுவார்கள். அந்தத் தோல்வியில் கவுன்டி முழுக்க 13 பேரில் 8-வது இடம் வந்தவருக்கு, சொந்த ஊரான நியூ சேலம் வாக்குச்சாவடியில் 300-க்கு 277 ஓட்டு விழுந்தது. தெரிந்தவர்கள் கை கொடுத்தார்கள், தெரியாதவர்களுக்கு அவர் யாரென்றே தெரியாது. இரண்டு ஆண்டில் கவுன்டி முழுக்கத் தெரிந்தவராவதற்குத் தபால் வேலையும் நிலம் அளக்கும் வேலையும் உதவின.

சபைக்குள் நடந்ததற்கு இரண்டு அச்சு நூல்கள் மூலம்: கீழவையின் நடவடிக்கைக் குறிப்பேடு, அந்தந்தக் கூட்டத்தொடரில் நிறைவேறிய சட்டங்களின் தொகுப்பு. குறிப்பேட்டில் பேச்சு இருக்காது. யார் தீர்மானம் கொண்டுவந்தார், எந்தக் குழுவுக்குப் போனது, எத்தனையாவது வாசிப்பு, யார் ஆம், யார் இல்லை என்பதோடு நின்றுவிடும். பெயர்வாரி ஓட்டும் உறுப்பினர்கள் கேட்டால்தான் பதிவாகும். கேட்காதபோது 'நிறைவேறியது' என்று ஒரே வரி. ஒரு மசோதாவைத் தொடர மூன்று வாசிப்புத் தேதிகளையும் தனித்தனியாகக் குறியுங்கள். மூன்றாவது வாசிப்போடு நிறுத்திவிடவும் கூடாது. 1818 அரசியல் சட்டப்படி கவர்னரும் உச்ச நீதிமன்ற நீதிபதிகளும் சேர்ந்த ஒரு மறுபார்வைக் குழு மசோதாவைத் திருப்பி அனுப்பலாம். இரு அவையும் ஏற்றும் சட்டத் தொகுப்பில் இல்லாத மசோதா என்றால் முதல் சந்தேகம் இங்கே வர வேண்டும்.

பேச்சும் சண்டையும் வேண்டுமானால் பத்திரிகைக்குப் போக வேண்டும். லிங்கன் இருந்த விக் கட்சிக்கு 'சாங்கமோ ஜர்னல்', எதிர்த்தரப்பான ஜனநாயகக் கட்சிக்கு 'ஸ்டேட் ரெஜிஸ்டர்'. ஒன்றை மட்டும் வாசிப்பது ஒரு கட்சிக்காரரின் டீக்கடையில் உட்கார்ந்துகொண்டு தேர்தல் முடிவை எழுதுவது போல. 1840 டிசம்பர் 5 ஒரு நல்ல பயிற்சி. சபை கலைந்தால் ஸ்டேட் பேங்க் நோட்டுக்குப் பதிலாக உலோகக் காசு கொடுத்தாக வேண்டும் என்ற நெருக்கடி. கோரம் (சபை நடக்கத் தேவையான குறைந்தபட்ச உறுப்பினர் எண்ணிக்கை) இல்லாமல் செய்ய லிங்கனும் சில விக் உறுப்பினர்களும் ஜன்னல் வழியே குதித்தார்கள். அதற்குள் தலை எண்ணி முடிந்துவிட்டதால் குதித்தும் பலனில்லை. தலைக்கணக்கும் ஓட்டும் சபையேட்டு விஷயம். குதித்ததும், அவருடைய நீளக் கால்களைப் பற்றிய நக்கலும் எதிர்க்கட்சிப் பத்திரிகை விஷயம். இரண்டையும் அருகருகே வைத்தால்தான் அந்த நாள் முழுதாகக் கிடைக்கும்.

கூட்டத்தொடர்களில் எதற்கு அதிக நேரம் ஒதுக்குவது என்றால் 1836–37 குளிர்காலத்துக்கு. சாங்கமோனிலிருந்து வந்த ஏழு கீழவை உறுப்பினர்களும் இரண்டு செனட்டர்களும் உயரத்தால் 'லாங் நைன்' என்று பேரெடுத்தவர்கள். தலைநகரை வண்டேலியாவிலிருந்து ஸ்பிரிங்ஃபீல்டுக்குக் கொண்டுவருவது அவர்கள் குறி. 1837 பிப்ரவரி 28 அன்று நான்காவது சுற்று ஓட்டில் அது கைகூடியது. முந்தின நாள்தான் ரயில், கால்வாய், சாலைக்கென்று ஒரு கோடி டாலர் அளவிலான உள்கட்டமைப்புச் சட்டம் வந்திருந்தது. 1840 சென்சஸிலேயே 4,76,183 பேர் மட்டும் இருந்த மாநிலத்துக்கு அது தாங்காத சுமை. 1837-லேயே பொருளாதாரம் சரிந்தது, வேலைகள் நின்றன, உருப்படியாக முடிந்தது மெரிடோசியா–ஸ்பிரிங்ஃபீல்ட் ரயில் பாதை மட்டும். தலைநகருக்கு ஓட்டு, பதிலுக்கு உள்கட்டமைப்புச் சட்டத்துக்கு ஓட்டு என்ற பேரம் நடந்ததா என்பது பழைய வழக்கு. நடந்தது என்று எதிரிகள் சொன்னார்கள். நீங்களே தீர்மானிக்க வேண்டுமானால் இரண்டு மசோதாவின் பெயர்வாரி ஓட்டுகளையும் எடுத்து, ஒரே தாளில் உறுப்பினர் வாரியாகப் பொருத்திப் பாருங்கள். இரண்டு மணி நேர வேலை. அதைச் செய்யாமல் 'பேரம்' என்று எழுதுவது வதந்தியைக் கடத்துவதுதான்.

அதே கூட்டத்தொடரில்தான் அடிமை முறை பற்றிய முதல் எழுத்துப் பதிவும் இருக்கிறது. அடிமை ஒழிப்புச் சங்கங்களைக் கண்டித்து ஜனவரியில் வந்த தீர்மானத்தை கீழவை 77-க்கு 6 என்று ஏற்றது. அந்த ஆறில் லிங்கன் ஒருவர். மார்ச் 3 அன்று அவரும் சக சாங்கமோன் உறுப்பினர் டான் ஸ்டோனும் தங்கள் ஆட்சேபத்தைக் குறிப்பேட்டில் ஏற்றினார்கள்: அடிமை முறை அநீதியிலும் தவறான கொள்கையிலும் எழுந்தது என்று. அடுத்த வாக்கியத்தையும் சேர்த்தே எழுத வேண்டும். ஒழிப்புக் கொள்கையைப் பரப்புவது அந்தத் தீமையைக் குறைக்காமல் கூட்டவே செய்யும் என்றும் அதே ஆட்சேபம் சொல்கிறது. முதல் பாதியை மட்டும் வெட்டி ஒட்டுவது நம் பத்திரிகைகளில் வழக்கமாகிவிட்டது.

நான்கு முறையா ஐந்து முறையா என்ற குழப்பமும் வரும். 1854 நவம்பரில் அவர் மறுபடி சட்டமன்றத்துக்குத் தேர்வானார். ஆனால் உறுப்பினராக இருந்துகொண்டு அமெரிக்க செனட்டுக்குப் போட்டியிட முடியாது என்பதால் பதவி ஏற்காமலே விலகினார். 'ஐந்து முறை தேர்வு, நான்கு முறை பணி' என்று எழுதினால் சரி.

கோர்ட் கட்டைப் பிரிப்பது

ஒரு சாதாரண தாவா இந்த வழியில் போகும். வாதியின் வக்கீல் கோர்ட் எழுத்தரிடம் சம்மன் கேட்டு ஒரு சீட்டுக் கொடுப்பார். எழுத்தர் சம்மன் எழுதுவார். ஷெரிஃப் அதைச் சார்வு செய்து பின்பக்கம் தேதியும் தன் கட்டணமும் குறிப்பார். பிறகு பிராது, அதற்குப் பிரதிவாதியின் பதில் அல்லது 'சட்டப்படி இந்தப் பிராதே நிற்காது' என்ற ஆட்சேபம், அப்புறம் ஜூரி அல்லது நீதிபதி, தீர்ப்பு, பணம் வராவிட்டால் ஜப்தி உத்தரவு. கட்டு முழுசாக இருந்தால் ஆறேழு காகிதம் கிடைக்கும்.

பெரும்பாலும் முழுசாக இருக்காது. லிங்கன் ஜனாதிபதியான பிறகு, குறிப்பாகக் கொல்லப்பட்ட பிறகு, ஞாபகப் பொருள் தேடி வந்தவர்கள் கவுன்டி கோர்ட்டுகளில் அவருடைய காகிதங்களைக் கொத்துக் கொத்தாக எடுத்துப் போனார்கள். கையெழுத்தை மட்டும் கத்தரித்த தாள்களும் உண்டு. சிகாகோவின் பதிவுகள் 1871 அக்டோபர் தீயில் போயின. கட்டு காணாமல் போனாலும் எழுத்தரின் தடித்த பதிவேடுகள் தப்பியிருக்கும்: நீதிபதியின் டாக்கெட் (வழக்குகளின் குறிப்புப் பட்டியல்), தீர்ப்புப் பதிவேடு, ஃபீஸ் புத்தகம், ஜப்திப் புத்தகம். கட்டில் இல்லாததை இந்த நான்கிலும் தேடாமல் கைவிடாதீர்கள்.

பிராதை வாசிக்கும்போது மூன்று குழி உண்டு.

முதலாவது, வாய்பாட்டு மொழி. 'படை பலத்தோடும் ஆயுதங்களோடும்' பிரதிவாதி புகுந்தார் என்று இருக்கும். பயந்துவிட வேண்டாம், அத்துமீறல் வழக்கு எல்லாவற்றிலும் அந்தச் சொற்றொடர் வரும், பக்கத்து வீட்டுப் பன்றி வேலி தாண்டியதற்கும் வரும். அதேபோல் கடன் பிராதில் பிரதிவாதி சரக்கு வாங்கினார், வேலை வாங்கிக்கொண்டார், கைமாற்று வாங்கினார் என்று அடுக்கியிருக்கும். எது நிரூபணமானாலும் ஜெயிக்கட்டும் என்று வக்கீல்கள் எல்லாவற்றையும் போட்டுவைப்பார்கள். நடந்தது அதில் ஒன்றாக இருக்கலாம்.

இரண்டாவது, தொகை. பிராதில் கேட்ட நஷ்ட ஈடு உண்மையான பாக்கியைவிட அதிகமாக, வட்டமான எண்ணாக எழுதப்படும். வழக்கின் மதிப்பைத் தீர்ப்பிலிருந்தோ, இணைத்திருக்கும் புரோநோட்டிலிருந்தோ எடுங்கள்.

மூன்றாவது, பெயர் வரிசையும் கையெழுத்தும். தலைப்பில் இரண்டு பெயருக்கு நடுவே 'வி.எஸ்.' இருந்தால் முதல் பெயர் வாதி. 'ஏ.டி.எஸ்.' என்று இருந்தால் தலைகீழ், முதல் பெயர் பிரதிவாதி. வக்கீல் பெயருக்குப் பின் 'பி.க்யூ.' என்றால் வாதி தரப்பு, 'பி.டி.' என்றால் பிரதிவாதி தரப்பு. லிங்கன் எந்தப் பக்கம் நின்றார் என்பதையே மாற்றி எழுதியவர்கள் இந்த இரண்டு எழுத்தைக் கவனிக்காதவர்கள்தான். நிறுவனத்தின் பெயரில் கூட்டாளிகள் யார் வேண்டுமானாலும் எழுதலாம். 'லிங்கன் அண்ட் ஹெர்ண்டன்' என்ற வரி ஹெர்ண்டனின் கையில் இருந்தால், அன்று லிங்கன் கோர்ட்டில் இருந்தார் என்று சொல்ல அது போதாது. அவர் சொந்தமாகப் போடுவது 'ஏ. லிங்கன்'. கடிதங்களில் 'இன்ஸ்ட்.' என்று வந்தால் இந்த மாதம், 'அல்ட்.' என்று வந்தால் போன மாதம். தேதி ஒரு மாதம் தவறுவது இங்கேதான்.

சர்க்யூட் பயணத்தைத் தொடர எட்டாவது நீதிமன்ற வட்டத்தின் கால அட்டவணை வேண்டும். வசந்தத்தில் ஒரு சுற்று, இலையுதிர் காலத்தில் ஒரு சுற்று. ஒவ்வொன்றும் ஏறக்குறைய பத்து வாரம். நீதிபதி டேவிட் டேவிஸும் வக்கீல்களும் ஒரு கவுன்டித் தலைநகரில் சில நாள், அடுத்ததில் சில நாள் என்று சேர்ந்தே போவார்கள். உச்சத்தில் 14 கவுன்டிகள். சட்டமன்றம் எல்லையை அடிக்கடி திருத்தியதால் எண்ணிக்கை இறங்கியது. 1857-ல் சாங்கமோனே அந்த வட்டத்தைவிட்டு வெளியேறியது. ஆகவே 'எட்டாவது வட்டம்' என்று எழுதும்போது ஆண்டையும் சேர்க்கவும். உள்ளூர் வக்கீல் ஒருவர் முன்கூட்டியே வழக்கைத் தாக்கல் செய்திருப்பார், விசாரணை நாளில் லிங்கன் வந்து சேர்ந்துகொள்வார். டான்வில்லில் வார்டு ஹில் லேமன் அப்படி ஒருவர். அதனால் பிராதில் லிங்கன் பெயர் இல்லாத வழக்கிலும் அவர் வாதாடியிருக்கலாம். டாக்கெட்டில் நீதிபதி குறித்திருக்கும் வக்கீல் பெயரைப் பார்த்தால் தெரியும்.

பணம்

அவருடைய வழக்குகளில் பாதிக்கு மேல் கடன் வசூல். கொலை வழக்கும் அடிமை வழக்கும் புத்தகங்களை நிரப்பினாலும் அடுப்பெரிந்தது புரோநோட்டில்தான். சில்லறை வழக்கு ஒன்றுக்கு 5 அல்லது 10 டாலர் என்பது சர்க்யூட்டில் சாதாரணம். 1837 சரிவுக்குப் பின் வந்த கூட்டரசின் திவால் சட்டம் 1842-ல் நடைமுறைக்கு வந்தபோது, லோகனும் அவரும் எழுபதுக்கும் மேற்பட்ட திவால் மனுக்களை நடத்தினார்கள். சட்டமன்றத்தில் அவர் ஆதரித்த திட்டங்களோடு சேர்ந்து மூழ்கிய மாநிலத்தின் மக்கள்தான் அந்த மனுதாரர்கள்.

பெரிய ஃபீஸ் ஒன்றே ஒன்று பிரபலம். இல்லினாய் சென்ட்ரல் ரயில்வேக்கு மக்லீன் கவுன்டி வரி போட முடியாது என்ற வழக்கை 1856-ல் உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்துக் கொடுத்தார். கம்பெனி ஃபீஸ் தர மறுத்தது. 1857-ல் அதே கம்பெனி மேல் வழக்குப் போட்டு 5,000 டாலர் தீர்ப்பு வாங்கினார். முன்பணம் 200 கழிந்து 4,800 ஆனது. சண்டை முடிந்த பின்பும் அதே ரயில்வேக்காக வாதாடினார். வக்கீல் தொழில் தெரிந்தவருக்கு இதில் ஆச்சரியம் எதுவும் இருக்காது.

சொத்து நிலைக்கு சென்சஸைப் பாருங்கள். 1840 சென்சஸில் குடும்பத் தலைவர் பெயர் மட்டும். 1850-லிருந்து எல்லார் பெயரும் தொழிலும் அசையாச் சொத்தும் வரும். 1860-ல் அசையும் சொத்தும் சேர்ந்தது. அந்த 1860 தாளில் லிங்கனுக்கு அசையாச் சொத்து 5,000 டாலர், அசையும் சொத்து 12,000 டாலர் என்று பதிவாகியிருக்கிறது. சொன்னவர் சொன்ன மதிப்பு அது, யாரும் சரிபார்த்ததல்ல.

வழக்கின் கட்சிக்காரரை வைத்து வக்கீலின் கொள்கையை எழுதாதீர்கள்

1841-ல் பெய்லி எதிர் குரோம்வெல் வழக்கு. நான்ஸ் என்ற கறுப்பினப் பெண்ணை விற்றதற்கான புரோநோட்டு செல்லாது என்று லிங்கன் வாதாடி உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்தார். இல்லினாயில் மாற்று நிரூபணம் இல்லாதவரை எல்லாரும் சுதந்திரமானவர்கள் என்பது தீர்ப்பின் அடிப்படை. ஆறு ஆண்டு கழித்து 1847 அக்டோபரில், கோல்ஸ் கவுன்டியில், கென்டக்கிக்காரர் ராபர்ட் மாட்சன் தன் அடிமைகள் என்று உரிமை கோரிய ஜேன் பிரையண்டையும் அவர் பிள்ளைகளையும் திரும்பப் பிடிக்கப் போட்ட வழக்கில் அதே லிங்கன் மாட்சன் பக்கம் நின்றார். தோற்றார், குடும்பம் விடுதலையானது. முதல் வழக்கை மட்டும் எழுதினால் புராணம், இரண்டாவதை மட்டும் எழுதினால் அவதூறு. அவருடைய கருத்து என்ன என்று கேட்டால் 1837 ஆட்சேபத்துக்கும் பிற்காலப் பேச்சுகளுக்கும் போங்கள்.

கதையை உரைத்துப் பார்ப்பது

அன்றைய சர்க்யூட் கோர்ட்டுகளில் சுருக்கெழுத்தர் உட்காருவது அபூர்வம். 1859-ல் நடந்த பீச்சி ஹாரிசன் கொலை வழக்கின் முழு வாக்குமூலப் பதிவு 1989-ல் கலிஃபோர்னியாவில் கிடைத்தது ஒரு விதிவிலக்கு. மற்றபடி கோர்ட்டில் அவர் பேசியதாக மேற்கோள் குறிக்குள் வருவது எல்லாம், பல ஆண்டு கழித்து யாரோ நினைவுகூர்ந்தது.

பஞ்சாங்க வழக்கை இந்த முறையில் பிரித்துப் பாருங்கள். டஃப் ஆம்ஸ்ட்ராங் மேல் கொலைக் குற்றச்சாட்டு. சம்பவம் 1857 ஆகஸ்ட் 29 இரவு, மேசன் கவுன்டியில். வழக்கு காஸ் கவுன்டிக்கு மாற்றப்பட்டு 1858 மே 7 அன்று பியர்ட்ஸ்டவுனில் விசாரணை நடந்தது. இடம் மாறிய வழக்கு என்பதால் இரண்டு கவுன்டியின் பதிவுகளையும் தேட வேண்டும். நிலா உச்சியில் இருந்த வெளிச்சத்தில் அடித்ததைப் பார்த்தேன் என்றார் முக்கிய சாட்சி; நிலா அப்போது அடிவானத்துக்கு இறங்கியிருந்தது என்று லிங்கன் பஞ்சாங்கத்தைக் காட்டினார். போலிப் பஞ்சாங்கம் என்று பிறகு ஒரு வதந்தி கிளம்பியது. அதைத் தீர்க்க ஆவணமே வேண்டாம்: நிலா மறைந்த நேரத்தைக் கணக்கிட்டால் அன்று நள்ளிரவையொட்டி வருகிறது, சாட்சி சொன்ன 11 மணிக்கு அது தாழ்ந்துதான் இருந்திருக்கும். ஜூரி விடுவித்தது என்பதற்குப் பதிவேடு சாட்சி. பழைய நண்பரின் விதவையான ஹன்னா ஆம்ஸ்ட்ராங்கிடம் ஃபீஸ் வாங்கவில்லை என்பதும், இறுதி உரையில் ஜூரிகள் கண்கலங்கினார்கள் என்பதும் பிற்கால நினைவுகளிலிருந்து வருபவை. எழுதும்போது அவற்றுக்கு முன்னால் 'என்று நினைவுகூர்ந்தார்கள்' என்ற சொற்களைப் போட்டுவிடுங்கள்.